மூன்றாவது பிணம்

கிளிஃபர்ட் பியரில் அன்று
காலை ஏழிலிருந்து பதினொன்று வரை
செத்துக்கொண்டிருந்தார் ஒட்டோகர் வெண்ட்.

ஜெர்மன்காரர்களின் துப்பறியும் படம்.
நாயகன் குடைக்கடியில் ஐஸ் கடிக்க
இவர் மட்டும் படியில் உருண்டு,
சட்டை மாற்றி, மறுபடி உருண்டு.

எனக்கு வேலை சம்பான் பக்கம் நிற்பது,
சுடும் சத்தத்துக்கு வாயைப் பிளப்பது.
நாலு வெள்ளி, ஒரு பொட்டலம் நாசி லெமாக்.

இடைவேளையில் அருகில் வந்து உட்கார்ந்தார்.
பாதி இங்கிலீஷ், மீதி விரல்கள்.
நாற்பத்தெட்டில் ரொட்டித் திருடன்,
ஐம்பத்தொன்றில் தபால்காரன்,
அப்புறம் பாதிரி, கோர்ட் குமாஸ்தா,
எத்தனையோ வீடுகளில் கதவு திறந்துவிடுகிறவன்.
"பட்டாளத்து உடுப்புக்கு மட்டும்
யாரும் அளவெடுத்ததில்லை" என்றார்.
"என் அளவு எனக்கே தெரியும்."
சிரிக்கவில்லை.

சயாம் ரயில் பாதையில் எனக்கு
உடுப்பே தரவில்லை என்று
நானும் சொல்லவில்லை.
சிகரெட்டை ஒடித்துப் பாதி நீட்டினார்.
வாங்கிக்கொண்டேன்.

இரண்டு வருடம் கழித்து
பீச் ரோட்டுக் கொட்டகைக்கு வந்தது படம்.
எல்லோரும் இங்கிலீஷ் பேசினார்கள்.
அவருக்கு யாரோ கொடுத்த குரல், கீச்சென்று.
பவளக்கொடி குனிந்து
சிந்திய கச்சாங் பூத்தேயைப் பொறுக்கி நிமிர்வதற்குள்
செத்து முடிந்திருந்தார்.
"நீங்க எங்க?" என்றாள்.
அவர் விழுந்த படிக்குப் பின்னால்
ஒரு முழங்கை. அதுதான் நான்.

பெயர்கள் ஓடத் தொடங்கியதும்
விளக்கைப் போட்டுவிட்டார்கள்.
முன்வரிசைக்காரன் எழுந்து
சாரத்தை இறுக்கிக் கட்டினான்.
அவன் தோளுக்கு மேலே
வெளிறிக்கொண்டிருந்த எழுத்தில்
'ஒட்டோ' வரை படித்தேன்.