முப்பத்தாறு எழுத்துக்குள்

ஒரு வரிக்கு முப்பத்தாறு எழுத்து,
திரையில் ஒரே சமயம் இரண்டு வரி.
இதற்குள் அடங்காத எதையும்
லைல் ப்ரெனகன் தமிழில் பேசியதில்லை.

அவனை நீங்கள் பார்த்திருப்பீர்கள். பெயர் தெரியாது.
கதாநாயகன் கதவைத் தட்டும்போது
பனியனோடு வந்து திறக்கிற பக்கத்து வீட்டுக்காரன்.
பத்தாவது நிமிடம் சுடப்படுகிற ஷெரீப்.
"எங்களால் முடிந்ததைச் செய்தோம்" என்கிற டாக்டர்,
ஆறு தொடர்களில், ஆறு ஆஸ்பத்திரிகளில்.
ஆறு முறையும் அதே வரியை ஒட்டினேன்,
கால்டிகாட் குன்றில், ஏசி கடிக்கும் அறையில்
சால்வை போர்த்திக்கொண்டு.

முதன்முதலில் அவன் வாய் திறந்தது எண்பத்தெட்டில்.
பெட்ரோல் நிலையம். கையில் குழாய்.
"அந்தப் பக்கம் போனான்."
அவ்வளவுதான்.
நான் வேலைக்குச் சேர்ந்து மூன்றாம் நாள்.
மேற்பார்வையாளர் பொன்னுதுரை சிவப்பு மையில் கேட்டிருந்தார்:
எந்தப் பக்கம்?
படத்தைப் பார்த்தால் தெரியும் சார்.

வசவுக்கெல்லாம் எங்களிடம் ஒரே சொல்,
நாசமாய்ப் போ.
மனைவி ஓடிப்போனாலும் நாசமாய்ப் போ,
டயர் வெடித்தாலும், பங்குச் சந்தை சரிந்தாலும்.
பதினேழு விதமாய்த் திட்டத் தெரிந்த கலைஞன்
ஈசூனிலும் பிடோக்கிலும்
ஒரே விதமாய்த் திட்டினான்.

தொண்ணூற்றாறில் அவனுக்கு ஒரு நல்ல காலம் வந்தது.
மீசை வைத்தான். நீதிபதி வேடம்.
பெயர் இரண்டாவதாக ஓடியது, தனியாக, பெரிதாக.
பதின்மூன்று வாரத்தில் நிறுத்திவிட்டார்கள்.
அதே வருடம்தான் என் கல்யாணமும் நின்றது.
காலையில் அவன் வாய்க்கு எழுதிய தீர்ப்பை
மதியம் குடும்ப நீதிமன்றத்தில்
வேறொருவர் வாயால் கேட்டேன்.
அவன் உச்சரிப்பு மேல்.

பிறகு அந்தப் பிழை.
சார்ஸ் காலம். வாசலில் காய்ச்சல் பார்த்துத்தான்
உள்ளே விட்டார்கள்.
அவன் கொலைகாரன். விசாரணை அறை.
துப்பறிவாளர் காப்பி நீட்டுகிறார்.
கையை லேசாய் உயர்த்தி
ஐம் குட் என்கிறான் ப்ரெனகன்.
வேண்டாம் என்று பொருள்.
நான் எழுதினேன்: நான் நல்லவன்.

வியாழன் இரவு ஒளியேறியது.
வெள்ளி காலை பதினோரு தொலைபேசி.
பூன் லேயிலிருந்து ஒருவர் கேட்டார்:
ஏம்மா, காப்பி வேண்டாம் என்று சொல்ல
நல்லவனாக வேறு இருக்க வேண்டுமா?
பொன்னுதுரை சிரிக்கவில்லை.
என் ஆண்டு மதிப்பீட்டில் அது ஒரு வரியாய் ஏறியது,
முப்பத்தாறு எழுத்துக்குள்.

ஆனால் அந்தக் கண்ணை நான் பார்த்தேனே.
அது காப்பியைப் பார்க்கவில்லை.

அதற்குப் பிறகு அவனும் இறங்குமுகம்தான்.
காது கருவி விளம்பரம்,
காப்புறுதி விளம்பரம்,
ஒரு கார்ட்டூனில் கரடிக்குக் குரல்.
நான் தோ பாயோ வீட்டில், சாப்பாட்டு மேசையில்.
இப்போது இயந்திரம் முதலில் எழுதிவிடுகிறது.
நான் திருத்துகிறேன், நிமிடத்துக்கு இவ்வளவு என்று.

போன மாதம் வந்த கோப்பில் அவன் இருந்தான்.
படுக்கை. மூக்கில் குழாய்.
வசனம் ஒன்றும் கொடுக்கவில்லை.
தாதி கோப்பையை நீட்டுகிறாள்.
"காபி வேண்டுமா?" என்று இயந்திரம் சரியாகத்தான் எழுதியிருக்கிறது.
அவன் கையை லேசாய் உயர்த்துகிறான்.
சத்தம் இல்லை என்பதால்
அவனுக்கு நேரே கட்டம் காலி.

நாற்பத்தொன்றாம் நிமிடம், ஏழாம் விநாடி முதல் பத்து வரை.
எழுபத்திரண்டு எழுத்துக்கு இடம்.
ஏழே எழுத்து அடித்தேன்.
அழித்தேன்.
மறுபடி அடித்தபோது மழை பிடித்துக்கொண்டது.
மூங்கில் கழியில் துணி. ஓடினேன்.

திரும்பி வருவதற்குள் மணி ஆறு.
கெடு முடிந்தால் கோப்பு தானாகவே போய்விடும்,
எந்த நிலையில் இருக்கிறதோ அந்த நிலையில்.
ஈரத் தலையணை உறையை மடியில் வைத்துக்கொண்டு
கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன்.

நேற்று ஒளியேறியது.
இதுவரை ஒரு தொலைபேசியும் வரவில்லை.