இரண்டாம் குளியல்

சிரம்பான் பேரங்காடியில்
மஞ்சள் வில்லை ஒட்டிப் பாதி விலைக்குக் கிடந்தது.
காலாவதி: நாளை.
ஏற்கெனவே பூஞ்சணம் பூத்ததற்கு
இனி என்ன நாள் பார்ப்பது என்று
ஒன்பது வெள்ளி கொடுத்தேன்.
பகாவ் வந்து சேரும்வரை பேருந்தில்
பக்கத்து இருக்கைக்காரி
விலகி விலகி உட்கார்ந்தாள்.

சனிக்கிழமை மாலை.
தாமானுக்கு மேல் மழை கட்டி நின்று, வரவில்லை.
ஆ கியோங் கடைக் கோழி, தொடைக்கறி மட்டும்,
எலும்பு நீக்கி விரல் பருமனுக்கு அரிந்தேன்.
உப்பு, நுணுக்கிய மிளகு.
மஞ்சள்தூள் டப்பாவுக்குத் தானாகப் போன கையை
இழுத்துப் பிடித்தேன்.

வெண்ணெய் நுரைத்து அடங்கியதும் கோழி.
ஒரு பக்கம் சிவக்கும்வரை தொடக்கூடாது,
அதுதான் கடினம்;
இருபத்திரண்டு வருடமாய்க் கிண்டிய கை.
பூண்டு நான்கு பல். பிறகு கிரீம்.
பாஸ்தா வெந்த தண்ணீரில் ஒரு கோப்பை
எடுத்து வைக்கச் சொன்னது பெட்டியின் முதுகு.
கஞ்சியைக் கொட்டாத வீட்டில் பிறந்தவளுக்கு
இதையெல்லாமா எழுதி ஒட்டுவார்கள்.

பிறகுதான் அந்தத் தாளைப் பிரித்தேன்.

வெள்ளைக்குள் நீலம்,
முழங்காலுக்குப் பின்னால் ஓடும் நரம்பு மாதிரி.
வாடை
கதவைத் தட்டாமல் உள்ளே வந்து
நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தது.
எனக்குத் தெரிந்த வாடைதான்.
எங்கே, எங்கே என்று யோசித்தபடி
விரலால் உதிர்த்துப் போட்டேன்.
கிரீம் லேசாகச் சாம்பல் பூசிக்கொண்டது.

ஏழு மணிக்கு லோரியை நிறுத்திவிட்டு
குணாளன் வந்தார்.
கட்டிப்பால் லோரி.
ரொம்பினிலிருந்து தொழிற்சாலைக்குப் பதினாறு டன்.
போகும் வழியெல்லாம் தார்ச்சாலையில்
புளித்த தண்ணீர் சொட்டும்;
சமிக்ஞை விளக்கில் நின்றால்
மோட்டார் சைக்கிள்காரர்கள் மூச்சடக்கி முந்துவார்கள்.

வழக்கம்போல் பின்வாசல்.
வழக்கம்போல் சட்டை வெளிக்கொடிக்கு,
சிவப்புச் சவர்க்காரம், குளியல்.
கைலி கட்டி வந்தவர்
சமையலறை வாசலில் நின்றுவிட்டார்.
என்ன நாற்றம் என்று கேட்கவில்லை.
புறங்கையை முகர்ந்தார்.
தோளை. அக்குளை.
ஒன்றும் பேசாமல் திரும்பிப் போனார்.
மீண்டும் தண்ணீர் விழும் சத்தம்.

அப்போதுதான் பிடிபட்டது
எங்கே முகர்ந்தேன் என்று.
தினமும் துவைக்கிறேன்.

போன மாதம் ஒரு கல்யாண விருந்து.
ஏர்கோன் குளிர் அதிகம் என்று
எங்கள் மேசையிலிருந்து மூன்று பேர் எழுந்து போனார்கள்.
அவர் தன் தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்.
அந்த இரவும் இப்படித்தான்
இரண்டு தடவை தண்ணீர் விழுந்தது.
நான் தூங்கிவிட்டதாக நினைத்திருந்தார்.

அடுப்பைக் குறைத்துவிட்டுப் போய்
குளியலறைக் கதவைத் தட்டினேன்.
'நீங்க இல்ல.'
'ஆ?'
'வாடை. நீங்க இல்ல. சீஸு.'
தண்ணீர் நின்றது.

ஈரத்தலையோடு வந்து
மீந்த துண்டை மூக்கருகே பிடித்து
தொழில் தெரிந்தவராய் முகர்ந்தார்.
'பாலுதான். ஆசிட்டு பத்தல.
நாலு நாள் மழையில கெடந்திருக்கு' என்றார்.
விலை கேட்டார்.
நூறு கிராம், முழு விலை பதினெட்டு என்றேன்.
கிலோவுக்கு நூற்றெண்பது.
விரல் விட்டு எண்ணியவர்
பதினாறு டன்னுக்கு வந்ததும்
நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.
'இருபத்தெட்டு லட்சத்துக்கு மேல.
அதை வெச்சிக்கிட்டா
நான் லைட்டுல தலை குனிஞ்சு நிக்கிறேன்?'

சாப்பிட்டோம்.
உப்பு கொஞ்சம் தூக்கல்.
இரண்டாம் தட்டில் அவர் சிலி பாடி நறுக்கிப் போட்டுக்கொண்டார்,
நான் பார்க்காதது போல் இருந்தேன்.
பக்கத்து வீட்டு ஜன்னல்
படாரென்று சாத்தும் சத்தம் கேட்டது.
குணாளன் முள்கரண்டியை வைக்காமலே
'அவுங்களுக்கும் ஒரு கிண்ணம் குடுப்பமா' என்றார்.