காரணம் என்ற கட்டம்

எங்கள் நிலையத்தில்
மலைக்கென்று தனியாக ஒரு பதிவேடு உண்டு,
தீ விபத்துப் பதிவேட்டுக்கு அடியில்,
பாம்புப் பதிவேட்டுக்கு மேல்.
யானைமலையில் முதலில் ஏறியது யாரென்று
அதில் இராது.
யாரை எப்போது இறக்கினோம் என்பதுதான்.
பெயர், வயது, நேரம், கயிற்றின் நீளம்.
கடைசிக் கட்டம்: காரணம்.

செல்ஃபி. பந்தயம். ஆட்டுக்குட்டி.
பரீட்சை முடிவு.
ஒரு வைகாசியில் ‘தெரியவில்லை’.
அந்தப் பையனைச் சுமந்தவன் நான்.
ஒத்தக்கடை வரும்வரை
என் சட்டைக் காலரை அவன் விடவில்லை.

எனக்கு முன்னால் ஏறியவர்கள் எத்தனையோ பேர்.
குகைக்குள் கல்லையே படுக்கையாக வெட்டிக்கொண்ட துறவிகள்,
இறங்கும் உத்தேசமே இல்லாதவர்கள்.
யானையை இவம் என்றழைத்த காலத்து எழுத்து
பாறையில் இன்னும் இருக்கிறது.
பெயர் வெட்டியிருக்கிறார்கள்.
காரணம் என்று கட்டம் போடவில்லை.

நான் பதினோரு தடவை ஏறியிருக்கிறேன்.
ஒன்றுகூட எனக்காக இல்லை.

போன பங்குனி, இரவு எட்டே முக்கால்.
“மத்தகத்துல வெளிச்சம் அசையுது சார்,
யாரோ மாட்டிக்கிட்டாங்க.”
மேலூர் ரோட்டுப் பரோட்டாக் கடையிலிருந்து போன்.
சேவுகப்பெருமாள் கயிற்றை எடுத்தான்,
அமானுல்லா ஸ்ட்ரெச்சரை.
பகலெல்லாம் குடித்த வெயிலைப்
பாறை இன்னும் துப்பிக்கொண்டிருந்தது.
உள்ளங்கையை வைத்தால் இட்லித்தட்டுச் சூடு.
பூட்ஸைக் கழற்றிக் கழுத்தில் மாட்டிக்கொண்டோம்;
வழுக்கில் பாதத்தை நம்பலாம்,
அரசாங்க ரப்பரை நம்ப முடியாது.

மேலே ஒரு பெண். ஐம்பது இருக்கும்.
சேலையை முழங்காலுக்குத் தூக்கிச் செருகி,
சுனையோரம் உட்கார்ந்து
கொய்யாப்பழம் தின்றுகொண்டிருந்தாள்.
பெயர் பஞ்சவர்ணம்.
மாட்டுத்தாவணிப் பழமண்டியில் சாக்குத் தைக்கிற வேலை.
இருபத்திரண்டு வருஷமாக
பஸ் ஜன்னலில் இதே யானை.

“மாட்டிக்கிட்டீங்களாம்மா?”
“யாரு சொன்னா?”

காரணம் கேட்டேன். எழுத வேண்டுமே.
“மேல நின்னா யானை தெரியாதுன்னாங்க.
நெசமான்னு பாக்க வந்தேன்.”
“தெரியுதா?”
“எங்க? வெறுங் கல்லு.”
கொஞ்ச நேரம் கழித்து,
“ஊருதான் தெரியுது” என்றாள்.

கொய்யாவைக் கடித்தே மூன்றாக்கித் தந்தாள்.
அமானுல்லா ஸ்ட்ரெச்சரை விரித்து அதிலேயே உட்கார்ந்தான்.
கோர்ட்டு விளக்குகள், பஸ் நிலையத்து உயர விளக்கு,
நடுவில் கண்மாய் கிடக்கும் இருட்டு,
தூரத்தில் கோபுரங்களின் மஞ்சள்.
என் வீட்டு மொட்டைமாடி எதுவென்று
அன்றைக்குத்தான் தேடினேன்.
பதினோரு தடவையும் நான் கீழே பார்த்தது
அடுத்த காலை எங்கே வைப்பதென்று.

இறங்கும்போது அவள் முன்னால்.
எங்கள் டார்ச் வெளிச்சம்
அவள் குதிகாலைப் பிடிக்கவே திணறியது.
கயிற்றுச் சுருள் அவிழவில்லை.

நிலையத்துக்கு வந்து எழுத உட்கார்ந்தேன்.
கயிற்றின் நீளம்: இல்லை.
மீட்கப்பட்டவர் என்ற இடத்தில்
அவள் பெயரை எழுதி, அடித்து,
திரும்ப எழுதினேன்.
காரணத்தில் பேனாவை வைத்தபோது
திருமோகூரில் வைக்கோற்போர் எரிகிறதென்று
மணி அடித்தது.