கேத்தல்

போயா லீவு. முதல் பஸ்ஸில் மட்டக்களப்பிலிருந்து
அறுகம்பே வந்திறங்கி
மீன்வாடிக்குப் பின்னால் கிறுகினால்
தகரக் கொட்டில், அதில் ஒரு பலகை:
ஒரே நாளில் உங்கள் கையால் ஒரு குக்ரி.
தமிழில் எழுதியிருக்கவில்லை.
நான்தான் அப்படி வாசித்தேன்.

உள்ளூர் விலை கேட்ட முதல் ஆள் நானாம்.
கமான்சிங் விரல்களை மடக்கி, நீட்டி, மறுபடி மடக்கி
எதையோ குறைத்தான்.
என்னிலும் பத்து வயது இளையவன். போஜ்பூர்க்காரன்.
அங்கே மழை விழும் மாதங்களில்
இங்கே அலை எழும்;
அலைக்குப் பின்னால் ஆட்கள் வருவார்கள்,
ஆட்களுக்குப் பின்னால் அவன்.

அன்றைக்கு நாங்கள் இரண்டு பேர்.
மற்றவன் யானிக், ஜெர்மன் பெடியன்,
முருகைக்கல் கிழித்த முழங்காலோடு.

இரும்பு, அக்கரைப்பற்று டிப்போவில் கழித்த பஸ்ஸின்
வில்லுத் தகடு.
எத்தனை தரம் இதன் மேல் குந்தியிருந்து
கல்முனைக்குப் போயிருப்பேன்,
ஒவ்வொரு குழிக்கும் என்னைத் தூக்கிப் போட்டது.
இன்றைக்கு என் முறை.

பூர்ணமாயா துருத்திச் சக்கரம் சுற்றினாள்.
சிரட்டைக் கரி சிவந்தது.
முதுகில் கட்டிய பிள்ளை
சுத்தியல் விழ விழத் தூங்கியது,
நாங்கள் களைத்து நிறுத்தினால் வீரிட்டது.
அதனால் நிறுத்தவில்லை.
வங்கியில் பிறர் காசு எண்ணும் கை என்னுடையது;
முதல் அடி பட்டடையில் விழுந்தது,
நாலாவது அடியில் கத்தி
தனக்குப் பிடித்த பக்கம் சாய்ந்துகொண்டது.
"பிஸ்தாரை" என்றான். மெதுவாக.
அவன் எனக்குச் சொன்ன நேபாளி அவ்வளவுதான்.

பிடிக்குக் கிட்ட இந்த வெட்டு எதற்கு?
யானிக் கேட்டபோது, பசுவின் குளம்பு என்றான்.
சோறு தின்ற பிறகு நான் கேட்டபோது,
இரத்தம் கைக்கு வராமல் சொட்டுவதற்கு.
பூர்ணமாயாவிடம் தனியாகக் கேட்டேன்.
பிள்ளையை அவிழ்த்துக்கொண்டே சிரித்தாள்:
இப்படிக் கேட்க ஆட்கள் வரவேணுமே, அதற்கு.

மறுகா, கேத்தல்.
பத்து மணிக்கு எங்களுக்குத் தேத்தண்ணி ஊத்திய அதே கேத்தல்,
மூக்கு நசுங்கியது.
செந்தணலாய் நின்ற கத்தியின் வாயோரம்
நூல்போலத் தண்ணீர் விட்டுக்கொண்டு போனான்.
வாய் மட்டும் இறுகவேணும்.
முதுகு இளகியே இருக்கட்டும்,
இல்லையென்றால் முதல் வெட்டிலேயே முறியும்.

பின்னேரப் பஸ். பாசிக்குடா போகிறவன் யானிக்.
இரண்டு கத்தியையும் தன் பைக்குள் வைத்துக்கொண்டான்,
நான் ஏன் கேட்டேன் என்று கேட்காமல்.
கோமாரியில் எல்லாரும் இறங்கினோம்.
அவன் பையைத் திறந்த சிப்பாய்
சிரித்து, நல்ல சாமான் என்பதுபோல் தலையாட்டி, மூடினான்.
என் பைக்குள்
சீப்பு, பனடோல், கழுவாத சாப்பாட்டுப் பெட்டி.
அடையாள அட்டையைத் திருப்பிப் பார்த்தான்,
திரும்பவும் திருப்பிப் பார்த்தான்.
எங்கே போய் வருகிறாய்? ஏன் தனியே?
என் வாய் இறுகியது.
முதுகு, எப்போதும்போல, வளைந்து கொடுத்தது.
யானிக் ஏதோ சொல்ல ஓரடி முன்னால் வந்தான்.
பிஸ்தாரை, என்றேன்.

மட்டக்களப்பு பஸ் நிலையம், கரண்ட் இல்லை.
பேப்பர் சுற்றிய ஒன்றைத் தந்துவிட்டு
வாழைச்சேனைப் பஸ்ஸுக்கு ஓடினான்.
வீட்டில் பிரித்துப் பார்த்தால்
நேரான, ஒழுங்கான கத்தி. பிடியில் அவன் பெயர்.

என் கோணல் இப்போது ஏதோ ஒரு குளிர் ஊரில்
பாண் வெட்டிக்கொண்டிருக்கும்.
இது சூடை மீனுக்குப் பெரிசு.
பூசணிக்குச் சரி.

மச்சாள் கையில் வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்:
"இதென்னகா, இதில ஒரு வெட்டு?"

அது பஸ்ஸாக இருந்த காலத்தில்
டிக்கெட் கிழித்த இடம், என்றேன்.