கால் அங்குலம்

மழைக்கு முதல் முடிக்க வேணும்.
ரஸீனின் லொறி ஆறு மணிக்கே வந்து
கறுவாத்தோட்டத்துக் கேற்றடியில்
ஒரு கரிய மேட்டைக் கவிழ்த்துவிட்டுப் போனது.

"நாறுமோ?" மேல்மாடி யன்னலில்
மிஸிஸ் அருளம்பலம்.
நாறுகிற காலம் இதுக்கு முடிஞ்சுது அம்மா.
பேலியகொடைச் சந்தையில்
லீக்ஸும் தக்காளியும் ஈ மொய்க்கக் கிடந்தபோது
கேட்டிருந்தால் ஓம் என்றிருப்பேன்.

ஒரு பிடி அள்ளி இறுக்கினேன்.
தட்டினால் உதிர வேணும். உதிரவில்லை.
இரவுத் தூறல் உள்ளே இறங்கியிருக்கு.
தகரத்தில் பரப்பிவிட்டு
வெயிலுக்காக இருந்து, இரண்டு தேத்தண்ணி குடித்தோம்
நானும் செபஸ்தியானும்.

கம்பிவலை உருளைக்கு அரை வயிறுதான் போட வேணும்.
நிறைத்தால் சோம்பி நிற்கும்.
அவன் இழுத்தான்.
கறகற என்று அது உருள
புல்லின் மேல் கறுப்பாய் ஒரு தூறல்,
முதல் பாதையின் ஓரத்தில் அடுத்த பாதை ஏறி,
அரலிய மரத்தடியில் வளைந்து.

அங்கே வியர்வை துடைக்க நின்றான்.
நின்ற இடத்தில் ஒரு குவியல்.
"நடந்துகொண்டே துடையடா!"
விளக்குமாற்றின் பின்பக்கத்தால் நான் தள்ளிப் பரப்பினேன்.
கால் அங்குலம். அதுக்கு மேல் போனால்
புல்லுக்கு மூச்சு முட்டும்.
நுனிகள் வெளியே தெரிய வேணும்,
குளிக்கிற பிள்ளையின் தலை மாதிரி.

மூன்று மணிக்கு வானம் இருண்டது.
உருளையைத் திறந்தேன்.
வலை விட மறுத்தவை உள்ளே கிடந்தன:
யோகட் கரண்டி ஒன்று,
பால்மாப் பக்கற்றின் மூலை,
பள்ளிச் சட்டையின் வெள்ளைப் பொத்தான், நூலோடு.
ஒரு கட்டியைப் பிளந்தால்
வெளிறின கழுத்தோடு ஒரு பூசணி முளை.

அந்தக் குவியலின் சூட்டில்
விதை வேகாமல் இருந்தது எப்படியோ.
ஓரத்தில் கிடந்திருக்கும்.
"எறி அக்கா," என்றான். "புல்லுக்குள்ள பூசணி வந்தா
அம்மா எங்களைத்தான் ஏசுவா."

புல்லுக்குள் வைக்கவில்லை.
பழைய பெயின்ற் வாளியில் கட்டியோடு வைத்து,
தகரத்தில் ஒட்டினதைச் சுரண்டிப் போட்டு மூடினேன்.
தெமட்டகொடையில் எங்கள் வீடு ஏழாம் மாடி.
பொத்தானைக் கழுவி முந்தானையில் முடிந்தேன்,
என்னத்துக்கோ தெரியாது.

பஸ்ஸில் கண்டக்டர் வாளிக்கும் காசு கேட்டான்.
"மண்தானே?"
மண் இல்லை என்று தொடங்கினேன்.
பின்னால் சனம் நெருக்கியது. காசைக் கொடுத்தேன்.

பொரளையில் மழை பிடித்தது.
ஒவ்வொரு பிரேக்குக்கும்
முளைக்கு மேல் கையைக் கவிழ்த்துப் பிடித்தபடி
கணக்குப் பார்த்தேன்:
தூவினது இந்நேரம் வேரடிக்கு இறங்கியிருக்கும்,
அவன் நின்ற இடம் தவிர.