போட்டது போட்டபடி

அஸ்தானாவில் இன்று மைனஸ் முப்பத்தொன்று.
இதைச் சொல்லிவிட்டுக் கைபேசி
தானும் அணைந்துபோனது.

பஸ் நிறுத்தத்தில் நாங்கள்
மூட்டைகள்.
எந்த மூட்டைக்குள் யார் என்று
இருமலை வைத்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

என் காலில் முழங்கால்வரை கம்பளி பூட்ஸ்.
என் பையில்
ஏழு சென்டிமீட்டர் குதிகால்.
வங்கியின் உடை விதி, நாலாம் பிரிவு:
கறுப்புப் பாவாடை, தோல்நிறக் காலுறை,
குதிகால் ஐந்துக்குக் குறையாமல், எட்டுக்கு மிகாமல்.
அளக்க ஒரு ஸ்கேல்
மேலாளர் யெர்கெபுலானின் இழுப்பறையில் இருக்கிறதாம்.
பார்த்தவர் இல்லை.
பயந்தவர் ஒன்பது பேர்.

தினமும் காவலாளியின் நாற்காலியில் உட்கார்ந்து
பூட்ஸிலிருந்து இறங்கி
குதிகாலில் ஏறுவேன்.
ஏறிப் போய் உட்காரும் கவுண்டருக்கு முன்னால்
நெஞ்சளவு பளிங்கு.
ஆறு வருடத்தில் என் காலைப் பார்த்த வாடிக்கையாளர்
ஒருவருமில்லை.
கடன் கேட்டு வருகிறவர்கள்
கண்ணையே பார்ப்பதில்லை.

இன்று பை பஸ்ஸோடு போய்விட்டது.
என் குதிகால்கள் இந்நேரம்
டிக்கெட் இல்லாமல் விமான நிலையத்தில்
இறங்கியிருக்கும்.

பூட்ஸோடேயே உட்கார்ந்தேன்.
பக்கத்துக் கவுண்டர் அக்மரால்
பேனாவைத் தவறவிட்டதுபோல் குனிந்து பார்த்தாள்.
மறுபடி தவறவிட்டாள்.
பதினொரு மணிக்குள்
நாலு முறை விழுந்தது பேனா.

பிறகு மணி அடித்தது.
தீ இல்லை, யாரோ ரொட்டியைக் கருகவிட்டிருந்தார்கள்.
ஆனால் அதற்கும் ஒரு விதி இருக்கிறது:
போட்டது போட்டபடி
வெளியே.

வெளியே, பனியில்
குதிகால் குதிகாலாகப் புதைந்தார்கள்.
அக்மரால் கேட்கவில்லை,
என் தோளைப் பிடித்துக்கொண்டு
என் பூட்ஸின் மேல் ஏறி நின்றாள்.
இரண்டு பேருக்கும் சேர்த்து
இரண்டு பாதம்.

மேலாளர் பளபளக்கும் மெல்லிய ஷூவில்
இந்தக் காலைத் தூக்கினார்,
அதை வைத்துவிட்டு அந்தக் காலைத் தூக்கினார்.
நாலாம் பிரிவுக்காக எத்தனையோ கூட்டங்களில்
ஒற்றைக்காலில் நின்ற மனிதர்தான்.
இன்றுதான் கண்ணால் பார்த்தோம்.

அவர் பார்வை என் காலுக்கு வந்தது.
தங்கியது.
"குன்சுலு, அது... எத்தனை?"

குதிகாலின் உயரமா,
பூட்ஸின் விலையா.
பல் தந்தியடித்ததில்
மீதி வாக்கியம்
வந்து சேரவில்லை.