இரண்டாம் சனிக்கிழமை

காட்பாடி ஸ்டேஷனில் அவளை இறக்கிவிட்டு
ஸ்கூட்டரைத் திருப்பும்போது
டீக்கடை சம்மந்தம் கேட்பார்:
"இன்னா சார், வூட்ல அம்மா ஊருக்கா?"
ஆமாம் என்பேன்.
பொய் இல்லை. ஊர்தான். ஜோலார்பேட்டை.
அங்கே ஒருவர் இருக்கிறார்.
மோட்டார் ரீவைண்டிங் கடை, கொஞ்சம் வழுக்கை,
வெண்டைக்காய் ஆகாது.
இவ்வளவும் அவளாகச் சொன்னது.
மேற்கொண்டு நான் கேட்டதில்லை.
கேட்டால் சொல்லிவிடுவாள்.

முதலில் கேட்டவன் நான்.
கல்யாணமாகி ஒன்பதாம் வருஷம், கத்திரி வெயில்,
சத்துவாச்சாரி மொட்டை மாடியில்
ரெண்டு குடம் தண்ணீர் ஊற்றியும் தரை சுட்டது.
லேபில் கூட வேலை செய்யும் ரெஜினாவைப் பற்றிச் சொன்னேன்.
இதுவரை ஒன்றுமில்லை,
இருக்கலாமா என்று உன்னைத்தான் கேட்கிறேன் என்றேன்.
என்னவோ பெரிய யோக்கியன் மாதிரி.
ஹேமாவதி பாயின் கோரையை ஒவ்வொன்றாகப் பிய்த்தாள்.
பிறகு,
"அப்போ எனக்கும்?"
அந்த 'உம்' வரும் என்று
நான் நினைத்தே பார்த்திருக்கவில்லை.

பால் கணக்கு நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதினோம்.
போகுமுன் சொல்லணும், வந்தபிறகு அல்ல.
இந்த வீட்டுக்குள் வேண்டாம்.
பாப்பாவுக்குக் காய்ச்சல் என்றால் யாரும் எங்கும் போவதில்லை.
நான்காவது, அவள் எழுதி
நான் அடித்து
அவள் திரும்ப எழுதியது:
ஒருத்தர் வேண்டாம் என்றால் அன்றோடு நிறுத்தம்.

எனக்கு எட்டு மாதம் ஓடியது.
ரெஜினா நாகர்கோவிலுக்கு வேலை மாறிப் போனாள்,
போன் வாரத்துக்கு ஒன்றாகி
பண்டிகைக்கு ஒன்றானது.
ஹேமாவுக்கு இது நான்காம் வருஷம்.

என் அப்பாவுக்கு வாலாஜாவில் இன்னொரு வீடு.
ராணிப்பேட்டைக்கே தெரியும்.
கல்யாணப் பத்திரிகையில் பெயர் இருக்காது
பந்தியில் இலை இருக்கும்.
ஞாயிற்றுக்கிழமைக் கறிக்குழம்பைத் தூக்கில் ஊற்றி
என்னைப் பஸ் ஏற்றிவிட்டது அம்மாதான்.
திரும்பும்போது தூக்கில் மக்கன் பேடா இருக்கும்.
எறும்பு மொய்க்கும்வரை அம்மா அதைத் தொடமாட்டாள்.
மாசக் கிருத்திகைக்கு வள்ளிமலை ஏறுவாள்,
இரண்டு பெண்டாட்டிக்காரனிடம் என்ன வேண்டிக்கொள்வாளோ.

அதே அப்பா போன மாசியில்
எவனோ ஊதிவிட்டதைக் கேட்டு
வேட்டியை மடித்துக் கட்டி வாசலில் நின்றார்.
"குடும்ப மானத்தை ரயில் ஏத்தி அனுப்புறியேடா,
நீயெல்லாம் ஆம்பளையா?"
உள்ளே அம்மா
முள்ளுக் கத்திரிக்காயின் காம்பைக் கிள்ளிக்கொண்டிருந்தாள்.
தலை நிமிராமல், "கேட்டுட்டுத்தானே போறா" என்றாள்.
பரிந்து பேசினாளா, பழித்தாளா
இன்றுவரை எனக்கு விளங்கவில்லை.
அன்று ஹேமா நீட்டிய தண்ணீரை அவள் வாங்கவில்லை.
கத்திரிக்காயை மட்டும் முழுக்க நறுக்கி வைத்துவிட்டு
அப்பாவுக்கு முன்னால் நடந்து போனாள்.

சனிக்கிழமை திரும்பும் வழியில்
பாலாற்றுப் பாலத்து நடுவில் வண்டியை நிறுத்துவேன்.
கீழே மணல், சீமைக்கருவேலம்,
கிரிக்கெட் ஆடும் பையன்கள்.
"வேண்டாம்" என்று சொல்லிப் பார்ப்பேன், வாய்விட்டு.
லாரிச் சத்தத்தில் எனக்கே கேட்காது.
சொன்னால் நிறுத்திவிடுவாள்.
நோட்டை எடுத்துக் காட்டக்கூடத் தேவையில்லை.
அது தெரிந்திருப்பதுதான்
என்னைத் திரும்ப வண்டியை உதைக்க வைக்கிறதா,
இல்லை அப்பாவின் மகன் என்கிற வெட்கமா.
வீட்டுக்கு வந்து பாப்பாவின் யூனிஃபார்மை இஸ்திரி போடுவேன்.
இரண்டு தடவை போடுவேன்.

ஞாயிறு ஏழு இருபதுக்கு வண்டி.
நேற்று நாற்பது நிமிஷம் லேட்.
இறங்கினாள், பையை நீட்டினாள்,
"பாப்பா சாப்பிட்டாளா?"
சாப்பிட்டாள்.
"நீ?"
இல்லை என்றேன்.
ஹெல்மெட் வாரை மாட்டிக்கொண்டே
என் முகத்தைக் கொஞ்சம் அதிகநேரம் பார்த்தாள்.
சம்மந்தம் கடையில் ரெண்டு டீ சொன்னோம்.